பொங்கலுக்கு அவனைக் கூப்பிடாதீர்கள்

மார்கழி பிறந்துவிட்டால் எங்கள் ஊர்ப் பக்கம் கபடிக்கு ஆள் பிடிக்கும் வேலை சூடுபிடித்துவிடும். பள்ளிக்கூடத் திடலில் மண்ணைக் கொத்திக் கல் பொறுக்குவார்கள். ரொக்கம் யார், கோப்பை யார், சாப்பாடு யார் என்று ஃபிளெக்ஸில் உபயதாரர் பெயர்கள் ஏறும். என் அக்கா மகனுக்கு இந்த வாரம் மட்டும் நான்கு அழைப்புகள். "ரைடு போக வேணாம் மாப்ள. சும்மா கார்னர்ல வந்து நில்லு, மத்ததை நாங்க பாத்துக்கறோம்." கார்னரில் சும்மா நின்றவனை நான் இதுவரை எந்தக் களத்திலும் பார்த்ததில்லை.

அவனுக்கு வலது முழங்காலில் ஆபரேஷன் முடிந்து ஐந்து மாதம் ஆகிறது. வலி இல்லை. நடக்கிறான், மாடிப்படி ஏறுகிறான், பைக் ஓட்டுகிறான். "எல்லாம் சரியாயிடுச்சே மாமா, அப்புறம் என்ன?" என்கிறான். இதே கேள்வியைக் கேட்கும் பிள்ளைகள் கபடி ஆடுகிற ஊர் ஒவ்வொன்றிலும் ஒருவர் இருவராவது இருக்கிறார்கள். அவர்களுக்கும், அவர்களைக் கூப்பிடுகிறவர்களுக்கும் சொல்ல வேண்டியது கொஞ்சம் இருக்கிறது.

போன காணும் பொங்கலன்று நடந்தது இது. பாடிப் போனவன், கோட்டுக்குத் திரும்பும் அவசரத்தில் வலது காலை ஊன்றி உடம்பை இடப்பக்கம் வெட்டினான். அப்போது அவன் மேல் யார் கையும் படவில்லை. உள்ளே 'டப்' என்று ஏதோ தெறித்தது போலிருந்தது என்று அவன் பிறகு சொன்னான். மைக் சத்தத்தில் எங்களுக்கு ஒன்றும் கேட்கவில்லை. எழுந்து நின்றான், இரண்டு அடி வைத்தான், உட்கார்ந்துவிட்டான். இருட்டுவதற்குள் முட்டி இளநீர்க்காய் அளவுக்கு வீங்கிவிட்டது.

மருத்துவம் தெரிந்தவர்களுக்கு இந்த நான்கு வரியே போதும். ஓடும்போது காலை ஊன்றித் திரும்பியது, உள்ளே சத்தம், தொடர்ந்து ஆட முடியாமை, சில மணி நேரத்துக்குள் வீக்கம். இப்படி ஒருவர் வந்தால், வேறு காரணம் உறுதியாகும் வரை முழங்காலுக்குள் எலும்புகளைப் பிணைக்கும் முன்சிலுவை நார் கிழிந்திருக்கிறது என்றே எடுத்துக்கொள்ள வேண்டும். இந்த நார் அறுபடும் சம்பவங்களில் ஏறக்குறைய 70 விழுக்காடு, எதிராளி யாரும் முழங்காலில் மோதாமலேயே நடப்பவை. ஆட்ட வீடியோக்களைப் பிரித்துப் பார்த்த ஆய்வுகள், பாதம் தரையைத் தொட்டு சுமார் 40 மில்லி வினாடிக்குள் நார் அறுந்துவிடுகிறது என்கின்றன. இமை மூடித் திறக்க இதைவிடக் கூடுதல் நேரம் ஆகும். 'பார்த்து ஆடியிருக்கக் கூடாதா' என்று பிள்ளையைத் திட்டிப் பயனில்லை.

மறுநாள் எக்ஸ்ரே எடுத்தார்கள். எலும்பு நன்றாக இருக்கிறது, பயப்பட ஒன்றுமில்லை என்று மாத்திரை எழுதிக் கொடுத்து அனுப்பினார்கள். எலும்பு நன்றாகத்தான் இருந்தது. எக்ஸ்ரேயில் நார் தெரியாது என்பதை யாரும் சொல்லவில்லை. முழங்காலை இருபது, முப்பது டிகிரி மடக்கிப் பிடித்து, கீழ்க்காலை முன்னால் இழுத்துப் பார்க்கும் லாக்மன் சோதனை என்று ஒன்று உண்டு. அமெரிக்காவின் டெம்பிள் பல்கலைக்கழக மருத்துவர் ஜான் லாக்மனின் பெயரால் அழைக்கப்படுவது. 1976 முதல் மருத்துவ உலகம் அறிந்த சோதனை. இரண்டு கையும் ஒரு நிமிடமும் போதும், செலவு பூஜ்யம். அது நடக்கவில்லை.

அப்புறம் வழக்கமான அடுத்த கட்டம்: பக்கத்து ஊர் வைத்தியரிடம் கட்டு. முட்டை வெள்ளைக்கருவும் பச்சிலையும் வைத்து மூங்கில் தப்பையோடு மூன்று வாரம். வீக்கம் வடிந்தது, வலி போனது, வைத்தியருக்கு வேட்டி துண்டு வைத்துக் கும்பிட்டுவிட்டு வந்தார்கள். கட்டே போடாமல் விட்டிருந்தாலும் மூன்று நான்கு வாரத்தில் அந்த வீக்கம் பெரும்பாலும் வடிந்துதான் இருக்கும். கடைசியாகத் தொட்ட கைக்குத்தான் பெயர் கிடைக்கும் என்பது நம் ஊர் வைத்தியத்தின் பழைய விதி. சித்திரைத் திருவிழாப் போட்டியில் மறுபடி இறங்கினான். இரண்டாவது ரைடில் முட்டி வழுக்கியது. இந்த முறை கால் மடங்கியபடியே பூட்டிக்கொண்டது, நீட்ட முடியவில்லை. எம்ஆர்ஐ எடுத்தபோது நார் அறுந்திருந்ததோடு, உள்பக்கத்துத் தட்டு ஜவ்வும் கிழிந்து மடிந்து மூட்டுக்குள் சிக்கியிருந்தது தெரிந்தது. பொங்கலுக்குப் பட்டது ஒரு காயம். சித்திரையில் பட்டது, முதல் காயத்தைச் சரியாகப் பார்க்காததன் வட்டி.

இந்த 'ஜவ்வு' என்ற சொல்லிடம் எனக்கு ஒரு தகராறு உண்டு. மூட்டுக்குள் எது கெட்டாலும் நாம் ஜவ்வு என்கிறோம். எலும்பை எலும்போடு பிணைக்கும் நாரும் ஜவ்வு, இரண்டு எலும்புக்கும் நடுவே வாஷர் மாதிரி இருக்கும் பிறைவடிவத் தட்டும் ஜவ்வு, எலும்பு முனையின் வழவழப்பான குருத்தெலும்பும் ஜவ்வு. அறுபது வயதுப் பாட்டிக்கு 'ஜவ்வு தேய்ந்திருக்கிறது', இருபது வயதுப் பேரனுக்கு 'ஜவ்வு கிழிந்திருக்கிறது'. பாட்டிக்குச் சொன்ன எண்ணெயைப் பேரனுக்கும் தேய்க்கிறார்கள். எனவே மருத்துவர் ஜவ்வு என்றால் எந்த ஜவ்வு என்று ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். நார் என்றால் ஒரு வழி. தட்டு என்றால் வேறு வழி. அதைத் தைக்க முடியுமா, கிழிந்த துண்டை வெட்டி எடுக்க வேண்டுமா என்பது அந்தக் காலின் அடுத்த இருபது ஆண்டுகளைத் தீர்மானிக்கும்.

முன்சிலுவை நார், இப்போது எல்லோர் வாயிலும் புழங்கும் ஏசிஎல், ஒரு விரல் பருமன்கூட இல்லாதது. நீளம் மூன்று செ.மீ. சொச்சம். தொடை எலும்பின் பின்பக்கத்திலிருந்து சரிவாக இறங்கிக் கீழ்க்கால் எலும்பின் முன்பக்கத்தில் முடிகிறது. அதன் குறுக்கே இன்னொரு நார் ஓடுவதால் சிலுவை என்று பெயர். கீழ்க்கால் முன்னால் நழுவாமலும், மூட்டு தன் அச்சில் அளவுக்கு மீறித் திருகாமலும் பிடித்துக்கொள்வது இதன் வேலை. நேராக நடக்கிறவருக்கு இது இருக்கிறதா இல்லையா என்றே தெரியாமல் போகலாம். ஓடித் திரும்புகிறவருக்கு உடனே தெரிந்துவிடும்.

இங்கிருந்துதான் பெரிய கேள்வி: கத்தி வைத்தே ஆக வேண்டுமா?

'ஆமாம்' என்பதுதான் ரொம்ப காலம் ஒரே பதிலாக இருந்தது. 2010இல் நியூ இங்கிலாந்து மருத்துவ இதழில் ஸ்வீடன் ஆய்வு ஒன்று வந்தது. நார் அறுந்த, சுறுசுறுப்பான இளம் வயதினர் 121 பேர். ஒரு பாதிக்கு உடனே அறுவையும் பயிற்சியும். மறுபாதிக்கு முதலில் பயிற்சி மட்டும். முட்டி தொடர்ந்து வழுக்கினால் பிறகு அறுவை. இரண்டு ஆண்டு கழித்துக் கேட்டபோது, வலியிலோ நடமாட்டத்திலோ விளையாட்டிலோ இரண்டு தரப்புக்கும் குறிப்பிடும்படி வித்தியாசம் இல்லை. ஐந்தாண்டு முடிவிலும் அதேதான். பயிற்சி மட்டும் என்று தொடங்கிய 59 பேரில் 30 பேர் அதற்குள் அறுவைக்குப் போயிருந்தார்கள். 29 பேருக்குத் தேவைப்படவில்லை. ஏறக்குறைய பாதி.

அதற்காக அறுவையே வீண் என்று முடிவுகட்டிவிட முடியாது. 2022இல் லான்செட் இதழில் வந்த பிரிட்டன் ஆய்வு, காயம் பட்டு நாளாகியும் முட்டி வழுக்கிக்கொண்டே இருந்த 316 பேரை எடுத்துக்கொண்டது. அவர்களுக்கு அறுவைதான் கூடுதல் பலன் தந்தது. இரண்டையும் சேர்த்துப் படித்தால் எனக்குக் கிடைக்கும் பொருள் இது: காயம் புதிதாக இருக்கும்போது அவசரப்பட வேண்டியதில்லை, மூன்று மாதம் ஒழுங்காகப் பயிற்சி செய்தும் கால் நம்பிக்கை தரவில்லை என்றால் இழுத்தடிக்கவும் வேண்டியதில்லை. ஒவ்வொரு வழுக்கலும் தட்டு ஜவ்வைத் தின்கிறது. இதற்குள்ளேயே விதிவிலக்கும் உண்டு. தட்டு கிழிந்து மூட்டு பூட்டிக்கொண்டால் காத்திருக்கக் கூடாது. கபடி, கால்பந்து, கூடைப்பந்து என்று திரும்பித் திரும்பி ஓடும் ஆட்டத்தைத் தொடர விரும்பும் இளைஞருக்கு அறுவையின் பக்கம் தராசு சாயும். பைக்கிலிருந்து விழுந்து நார் அறுந்த நாற்பத்தைந்து வயதுக் கடைக்காரருக்கு, படியேறி இறங்கி வியாபாரம் பார்த்தால் போதும் என்றால், தொடைத் தசையைத் தேற்றிக்கொண்டு கத்தியில்லாமலே காலம் தள்ளலாம்.

ஆஸ்திரேலியாவில் இன்னொரு முயற்சி நடந்தது. காயம் பட்ட சில வாரங்களுக்குள், முழங்காலை 90 டிகிரியில் மடக்கிப் பட்டை போட்டு நான்கு வாரம் வைத்து, பிறகு சிறிது சிறிதாக நீட்டவிட்டார்கள். இப்படிச் செய்த 80 பேரின் முடிவுகள் 2023இல் வெளியாயின. மூன்றாம் மாத ஸ்கேனில் 90 விழுக்காட்டினருக்கு நார் கூடுவதன் அடையாளம் தெரிந்தது. அறுந்த ஏசிஎல் ஒருநாளும் கூடாது என்ற பாடப்புத்தக வரி ஆட்டம் கண்டிருக்கிறது. ஆனால் ஒப்பிட்டுப் பார்க்க எதிர்த்தரப்பு இல்லாத சிறிய ஆய்வு இது. மடக்கிக் கட்டிய காலில் ரத்தம் உறையும் ஆபத்தும் உண்டு. இதைப் படித்துவிட்டு நம் ஊர்க் கட்டுக்காரர் 'நான் அப்பவே சொன்னேன்' என்று சொல்லக் கூடாது. அவர் காலை நீட்டிக் கட்டினார். அவர்கள் மடக்கிக் கட்டினார்கள், நாள்கணக்கில் கண்காணித்தார்கள்.

இனி அறுவை. அறுந்த நாரைத் தைப்பது என்றுதான் பெரும்பாலோர் நினைக்கிறார்கள். தைத்தும் பார்த்தார்கள். 1895இல் இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் மேயோ ராப்சன் ஒரு சுரங்கத் தொழிலாளியின் சிலுவை நார்களைத் தைத்தார். அந்த ஒரு நோயாளி பிழைப்புக்குத் திரும்பினார். 1976இல் அமெரிக்க ராணுவக் கல்லூரி மாணவர்களை ஐந்தாண்டு பின்தொடர்ந்து பார்த்தபோதோ, தைத்த நார்கள் பெரும்பாலும் கைவிட்டிருந்தன. மூட்டுக்குள் ஊறும் திரவம் ரத்தக்கட்டை நிலைக்கவிடுவதில்லை. ரத்தக்கட்டு இல்லாமல் திசு கூடுவதில்லை. அதனால் தைப்பதை விட்டுவிட்டு, வேறொரு நாரை வைத்துப் புதிதாகக் கட்டும் முறை நிலைத்தது. அதன் முன்னோடியான பிரிஸ்டல் நகர ஹே குரோவ்ஸ் அதை 1917இலேயே செய்திருந்தார். நடுவில் கார்பன் இழை, டாக்ரான் என்று செயற்கை நார்களும் வந்து, மூட்டுக்குள் உரசிச் சிதைந்து ஒதுங்கின. இப்போது தைப்பது வேறு உருவில் திரும்பி வருகிறது: நோயாளியின் ரத்தத்தில் நனைத்த பஞ்சு போன்ற ஒன்றை அறுந்த முனைகளுக்கு நடுவே வைத்துத் தைக்கும் முறைக்கு 2020இல் அமெரிக்க மருந்து நிர்வாகம் அனுமதி தந்தது. நம் ஊர்களில் இன்று நடப்பது மாற்று நார்தான்.

மாற்று நார் எங்கிருந்து வருகிறது என்பது நோயாளி அவசியம் கேட்க வேண்டிய கேள்வி. கேட்பவர் குறைவு. தொடையின் பின்பக்கத் தசைநார் ஒன்றிரண்டை உருவி, மடித்து, எட்டு மி.மீ. பருமனுக்காவது கயிறாகத் திரிப்பது ஒன்று. முட்டிச் சில்லுக்குக் கீழே இருக்கும் தசைநாரின் நடுப்பட்டையை, இருமுனையிலும் எலும்புத் துண்டோடு வெட்டி எடுப்பது இன்னொன்று. இது எலும்போடு எலும்பாகச் சீக்கிரம் ஒட்டும், பந்தய வீரர்கள் பலருக்கு இதையே வைக்கிறார்கள். ஆனால் முட்டி போட்டால் வலிக்கும், சிலருக்கு ஆண்டுக்கணக்கில் வலிக்கும். ஐரோப்பாவில் இது சின்ன குறை. தரையில் சம்மணம் போட்டுச் சாப்பிட்டு, முட்டி போட்டு வாசல் தெளித்து, தொழுகையிலோ தேவாலயத்திலோ மண்டியிட்டு வாழும் மக்களுக்கு இது சின்ன குறை அல்ல. அதனால்தான் கணுக்கால் பக்கத்திலிருந்து எடுக்கும் நீள்தசைநாரை நம் நாட்டு அறுவை மருத்துவர்கள் பலர் விரும்புகிறார்கள். முட்டிச் சில்லுக்கு மேலுள்ள தசைநாரையும் எடுக்கலாம். எது மேல் என்பதற்கு ஒற்றை விடை இல்லை. 'நான் தரையில் உட்காருகிறவன்', 'நான் மரம் ஏறுகிறவன்' என்று சொல்லிவிட்டுக் கேட்டால் விடை கிடைக்கும்.

மற்றது தச்சு வேலை. இரண்டு சிறிய துளை, பென்சிலைவிட மெல்லிய கேமரா. தொடை எலும்பிலும் கீழ்க்கால் எலும்பிலும் சுரங்கம் போல் துளையிட்டு, கயிற்றை உள்ளே இழுத்து, ஒருபக்கம் பொத்தானும் மறுபக்கம் திருகாணியும் போட்டு இறுக்குகிறார்கள். தட்டு கிழிந்திருந்தால் கையோடு அதையும் தைக்கிறார்கள். ஒன்று, ஒன்றரை மணி நேரம். மறுநாள் வாக்கரோடு நடக்கவைக்கிறார்கள். இரண்டொரு நாளில் வீடு. இந்த அளவுக்குத் தமிழ்நாட்டில் வேலை சுத்தம். காப்பீட்டு அட்டையில் ஒரு ரூபாய் செலவில்லாமல் என் அக்கா மகனுக்கு அது நடந்தது. செய்தவர்கள் கெட்டிக்காரர்கள், அதில் எனக்குக் குறையே இல்லை.

குறை அதற்கு அடுத்த நாள் தொடங்குகிறது. டிஸ்சார்ஜ் சீட்டு மூன்று பக்கம். எந்தத் திருகாணி, என்ன அளவு, எந்த ஊசி, எத்தனை மணிக்கு என்று எல்லாம் அச்சடித்திருந்தது. கடைசிப் பக்கத்தின் கடைசி வரி: 'பிசியோதெரபி செய்யவும்'. மூன்று வாரமாக அவன் செய்தது மருத்துவமனையில் கடைசி நாள் காட்டிக்கொடுத்த இரண்டு பயிற்சி. அக்கா செய்தது முட்டிக்கு அடியில் தலையணை வைத்தது. பெற்ற மனம், பிள்ளை முனகாமல் தூங்கினால் போதும். நான்காவது வாரம் பக்கத்து நகரத்தில் இருக்கும் பிசியோதெரபிஸ்ட் அவனைக் கட்டிலில் குப்புறப் படுக்கவைத்து, முட்டிக்குக் கீழ் கால்களை வெளியே தொங்கவிடச் சொன்னார். இடது குதிகால் கீழே இறங்கியது. வலது குதிகால் மூன்று விரல் உயரம் தூக்கி நின்றது. "தலையணை வெச்சீங்களாம்மா?" என்று நேராக அக்காவைப் பார்த்துக் கேட்டார். முட்டிக்கு அடியில் தலையணை வைத்தால் கால் மடங்கியபடியே இறுகிவிடும். குதிகாலுக்கு அடியில்தான் வைக்க வேண்டும், முட்டி தானாகக் கீழே தொங்கி நேராக வேண்டும். இந்த ஒரு வாக்கியத்தை டிஸ்சார்ஜ் சீட்டில் திருகாணி அளவுக்குப் பக்கத்தில் அச்சடிக்க எவ்வளவு மை செலவாகும்?

அந்த மூன்று விரலை மீட்க ஆறு வாரம் ஆனது. அதோடு தொடையும் சூம்பியிருந்தது. பிசியோதெரபிஸ்ட் தையல் டேப்பை எடுத்து, முட்டிச் சில்லுக்கு மேல் பதினைந்து செ.மீ. தள்ளி இரண்டு தொடையையும் அளந்து நோட்டில் குறித்தார். வலது தொடை மூன்று செ.மீ. குறைவு. அந்த நோட்டுதான் இப்போது எங்கள் வீட்டில் பஞ்சாங்கம்.

ஒருமுறை போனால் 300 ரூபாய். பேருந்துக் கட்டணம் தனி. அன்றைய கூலி போனது தனி. வாரம் மூன்று முறை, ஆறு மாதத்துக்கு மேல் என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். 2009இல் தொடங்கி, 2012இல் முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டமாக மாறிய நம் காப்பீடு, குடும்பத்துக்கு ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் வரை தருகிறது. ஏழை வீட்டுப் பிள்ளையின் முழங்காலுக்குள் டைட்டானியம் பொத்தான் போனது அந்தத் திட்டத்தின் பெருமை. ஆனால் காப்பீடு என்பது படுக்கையில் சேர்ந்திருக்கும் நாட்களுக்கானது. படுக்கையை விட்டு எழுந்தபிறகு நடக்கும் ஒன்பது மாத வேலை, குடும்பத்தின் தலையில்.

ஸ்வீடன் ஆய்வைச் சொன்னேன் அல்லவா? அதை வைத்து 'பாதிப் பேருக்கு அறுவை தேவையில்லை' என்று இங்கே யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வரும். அந்தப் பாதிப் பேர் சும்மா இருந்து தேறவில்லை; மாதக்கணக்கில் பயிற்சியாளரின் கண்பார்வையில் காலை மீட்டார்கள். அறுவை செய்துகொண்டவர்களும் அதே பயிற்சி அறைக்குத்தான் போனார்கள். இரண்டு வழியும் அந்தப் பயிற்சி அறைக்குள் நுழைந்துதான் ஊர் போய்ச் சேருகின்றன. அந்த அறையை மூடிவைத்துவிட்டு எந்த வழி நல்லது என்று விவாதிப்பதில் அர்த்தமில்லை. நம்மிடம் அறுவை அரங்கு இருக்கிறது, அறை இல்லை.

இல்லை என்று முழுதாகச் சொல்லவும் முடியாது. 2021 ஆகஸ்ட் 5 அன்று கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் பிசியோதெரபிஸ்டுகள் வீடு தேடிப் போகிறார்கள். பக்கவாதம் வந்தவர்கள், படுத்த படுக்கையான முதியவர்கள் அவர்களுக்காகக் காத்திருக்கிறார்கள். அவர்களுக்குத்தான் முன்னுரிமை, அதில் மாற்றுக்கருத்து இல்லை. ஆனால் சுகாதார நிலையத்தில் வாரம் ஒரு மாலை, முழங்கால் அறுவை முடிந்த பிள்ளைகளை மொத்தமாக வரச்சொல்லி, டேப் வைத்து அளந்து, அடுத்த வாரத்துக்கான பயிற்சியைச் சொல்லி அனுப்ப முடியாதா? இதற்குப் பெரிய கருவி தேவையில்லை. ஒரு படிக்கட்டு, ஒரு சுவர், மணல் நிரப்பிய ஒரு பை. காப்பீட்டுத் தொகுப்பிலேயே அறுவைக்குப் பிந்தைய இருபது, முப்பது அமர்வுகளையும் சேர்த்துவிட்டால் இன்னும் நல்லது. திருகாணிக்குக் கொடுக்கும் பணம் வீணாகாமல் இருக்க அதுதான் காவல்.

வீணாகிறதா என்றால், ஆகிறது. 25 வயதுக்குட்பட்டு மீண்டும் களமிறங்கிய விளையாட்டு வீரர்களில் சுமார் 23 விழுக்காட்டினருக்கு, அதே காலிலோ மறுகாலிலோ நார் மறுபடி அறுகிறது என்று பல ஆய்வுகளைத் திரட்டிய 2016ஆம் ஆண்டுக் கணக்கு ஒன்று சொல்கிறது. ஏறக்குறைய நான்கில் ஒருவர். அதே ஆண்டு நார்வேயும் அமெரிக்காவும் சேர்ந்து 106 பேரைப் பின்தொடர்ந்த ஆய்வு இன்னும் கூர்மையானது. ஒன்பது மாதம் வரை, களத்துக்குத் திரும்புவதை ஒரு மாதம் தள்ளிப்போட்டால் மறுகாயம் ஏறக்குறைய பாதியாகக் குறைந்தது. அடுத்த மாதமும் பொறுத்தால் அதிலும் பாதி.

வலி போன பிறகும் ஏன் காத்திருக்க வேண்டும் என்பதற்கு உடம்புக்குள் ஒரு காரணம் இருக்கிறது. என் அக்கா மகனுக்கு நான் சொன்ன பதில் அதுதான். உள்ளே வைத்த கயிறு, வைத்த நாளில் ரத்த ஓட்டம் அற்ற உயிரில்லாத திசு. புதிய ரத்தக்குழாய்கள் அதற்குள் மெல்ல ஊடுருவ வேண்டும். புது செல்கள் குடியேற வேண்டும். பழைய இழை கரைந்து புது இழை உண்டாக வேண்டும். முதல் சில வாரங்களில் இருந்த பலம் இந்த இடைக்காலத்தில் குறைந்து, பிறகுதான் ஏறும். இரண்டு, மூன்றாம் மாதங்களில் அது மிகவும் பலவீனமாக இருக்கும். சரியாக அந்த நேரத்தில்தான் வலியும் வீக்கமும் போய் நோயாளிக்குத் துணிச்சல் வரும். நடவு நட்ட வயல் மாதிரி என்றேன் அவனிடம். பச்சையாகத் தெரிகிறது என்பதற்காக யாரும் அரிவாளோடு இறங்குவதில்லை.

மாதக் கணக்கு மட்டும் போதாது என்கிறார் அவனுடைய பிசியோதெரபிஸ்ட். காயம்பட்ட தொடையின் பலம் மறுதொடையில் 90 விழுக்காட்டையாவது எட்ட வேண்டும். ஒற்றைக் காலில் நொண்டியடித்துத் தாண்டும் தூரமும் அப்படியே. போன வாரம் சிமெண்ட் தரையில் சுண்ணாம்புக்கோடு போட்டுத் தாண்டச் சொன்னார். இடதுகாலில் 160 செ.மீ. வலதுகாலில் 118. அவன் முகம் தொங்கிப் போனது. அதுவரை 'எல்லாம் சரியாயிடுச்சு' என்று சொல்லிக்கொண்டிருந்தவன் அன்று திரும்பும் வழியில் பேசவே இல்லை.

பணமும் ஆட்களும் சூழ இருப்பவர்களே எவ்வளவு நாள் பொறுக்கிறார்கள் பாருங்கள். 2022இல் தமிழ் தலைவாஸ் அணி 2 கோடியே 26 லட்சம் ரூபாய்க்கு ஏலத்தில் எடுத்த கபடி வீரர் பவன் ஷெராவத், அணிக்காக ஆடிய முதல் ஆட்டத்திலேயே முழங்காலில் அடிபட்டு அந்தப் பருவம் முழுவதும் வெளியே உட்கார்ந்தார். அவ்வளவு விலை கொடுத்தும் அவரை அந்தப் பருவத்தில் இறக்கவில்லை. மீண்டும் இந்திய அணிக்காக அவர் இறங்கியது அடுத்த ஆண்டின் நடுப்பகுதியில். அக்டோபரில் ஹாங்சோ ஆசிய விளையாட்டில் தங்கம் வென்ற அணிக்கு அவர்தான் தலைவர். கார் விபத்தில் முழங்கால் நார்கள் கிழிந்த ரிஷப் பந்த் கிரிக்கெட் களத்துக்குத் திரும்ப ஏறக்குறைய 15 மாதம் ஆனது. நம் பையனுக்கு மட்டும் ஐந்தே மாதம் எப்படிப் போதும்?

பெண் பிள்ளைகளைப் பற்றி ஒரு வார்த்தை. ஒரே ஆட்டத்தை ஆடும் ஆண்களைவிடப் பெண்களுக்கு இந்த நார் அறுபடும் வாய்ப்பு இரண்டு முதல் எட்டு மடங்கு அதிகம். இப்போது பள்ளிக்குப் பள்ளி பெண்கள் கபடி அணி இருக்கிறது, மகிழ்ச்சி. ஆனால் பெண்ணுக்கு முட்டியில் அடிபட்டால் 'தழும்பு தெரிஞ்சா நாளைக்கு யார் கட்டிக்குவா' என்று ஆபரேஷனைத் தள்ளிப்போடும் வீடுகள் எனக்குத் தெரியும். ஆட்டத்தை நிறுத்திவிடுவார்கள், வைத்தியத்தையும் நிறுத்திவிடுவார்கள். துவாரத் தழும்பு நகத்தளவு. கவனிக்காமல் விட்ட மூட்டு முப்பத்தைந்து வயதில் தேய்ந்து நிற்கும்போது தெரியும், எது பெரிய தழும்பு என்று.

வராமல் தடுக்கவும் வழி இருக்கிறது, மலிவான வழி. கால்பந்துக்காக ஃபிஃபா உருவாக்கிய 'லெவன் பிளஸ்' என்ற இருபது நிமிடப் பயிற்சியைத் தவறாமல் செய்த அணிகளில் காயங்கள் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு சரிந்திருக்கின்றன. ஓட்டம், ஒற்றைக்கால் நிலை, குதித்து இறங்கும்போது முட்டி உள்பக்கம் சாயாமல் பார்த்துக்கொள்வது, தொடைப் பின்தசைக்குப் பலம். அவ்வளவுதான். நம் பொங்கல் போட்டிகளில் தயாராவது என்பது சட்டையைக் கழற்றி, மண்ணை எடுத்துக் கையில் தேய்ப்பது. இரவு பதினொரு மணிக்குப் பெயர் கூப்பிட்டதும், பனியில் விறைத்த காலோடு அப்படியே இறங்குகிறார்கள். மைக் பிடிக்கிறவர் 'அடுத்து ஆட வேண்டிய அணிகள் இருபது நிமிடம் முன்பே வந்து உடம்பைச் சூடேற்றிக்கொள்ளவும்' என்று அறிவித்து, வராத அணிக்கு ஒரு புள்ளி குறைத்தால் இரண்டே ஆண்டில் பழக்கமாகிவிடும்.

என் அக்கா மகனுக்கு ஜூலையில் ஆபரேஷன். ஒன்பது மாதம் என்றால் ஏப்ரல். நொண்டியடிக்கும் தூரம் அதற்குள் சரியானால் சித்திரைத் திருவிழாவுக்கு அவன் வருவான். ஆகாவிட்டால் அடுத்த பொங்கலுக்கு. இப்போது அவனிடம் மறுக்கும் தெம்பு இல்லை. கூட ஆடியவர்கள் கூப்பிட்டால் எந்தப் பிள்ளையும் மறுக்க மாட்டான். அதனால் கேட்க வேண்டியது உங்களிடம்தான், அணித் தலைவர்களே. கார்னரில் நிற்க வேறு ஆளைப் பாருங்கள். அவனைக் கூப்பிட்டே ஆக வேண்டுமென்றால், ஸ்கோர் எழுதக் கூப்பிடுங்கள்.